கற்பனை ஊரில் ஒரு சோதனை இசைக்குழு: எழுதினால் அருங்காட்சியகம் மாதிரி வருகிறது, என்ன செய்யலாம்?

நாலரைக்கட்டை:

வணக்கம். ஒரு மாய உலகக் கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். ஏழு அத்தியாயம் தாண்டியாகிவிட்டது, எட்டாவதில் வண்டி குடைசாய்ந்து கிடக்கிறது.

கதை நடக்கும் ஊரின் பெயர் மடு. பெரிய பள்ளத்துக்குள் படிப்படியாக இறங்கும் ஊர். அங்கே ஒலி சும்மா கரைந்து போகாது. பேசினாலும் பாடினாலும் கதவைப் படாரென்று சாத்தினாலும், சத்தம் நின்ற கொஞ்ச நேரத்தில் அது சாம்பல் நிறப் பொடியாகச் சுவரிலும் தரையிலும் படிந்துவிடும். ஊர்க்காரர்கள் அதை வண்டல் என்பார்கள். துடைப்பத்தால் தள்ளினால் அந்தச் சத்தம் இன்னொரு முறை மெல்லக் கேட்டுவிட்டு ஒரேயடியாகப் போய்விடும். ராத்திரி தெருக் கூட்டுகிறவர்கள் போகும்போது பகலில் நடந்த சண்டையெல்லாம் முணுமுணுப்பாகத் திரும்பக் கேட்கும் (இந்த இடம் மட்டும் எனக்கே பிடித்துப் போய் மூன்று தடவை எழுதிவிட்டேன்).

இரண்டு சத்தம் ஒரே நேரத்தில் படிந்தால் ஒன்றோடொன்று ஒட்டி இறுகிக் கல்லாகிவிடும், எந்தத் துடைப்பத்துக்கும் அசையாது. அதனால் மடுவில் ஒருவர் முடித்த பிறகுதான் இன்னொருவர் வாயைத் திறக்கலாம், சட்டமே அப்படி. அங்கே இசை என்றால் தனியாக ஒருவர் பாடுவது, அல்லது தனியாக ஒருவர் வாசிப்பது. அந்த ஊரில் ஏழு பேர் திருட்டுத்தனமாகச் சேர்ந்து வாசிக்கிறார்கள். குழுவின் பெயர் 'ஒரே நேரம்'.

அவர்களுடைய முதல் கச்சேரியைத்தான் எழுத முடியவில்லை. பறவை எலும்புக் குழல், நிலா வெளிச்சத்தில் முறுக்கிய நரம்பு, தானே பேசும் முரசு என்று ஆளுக்கொரு கருவி கொடுத்து எழுதினேன். படித்த நண்பர் 'அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டு வந்த மாதிரி இருக்கிறது, கச்சேரி எப்போது?' என்று கேட்டுவிட்டார். திரும்பிப் பார்த்தால் மூன்று பக்கத்துக்குள் 'அமானுஷ்ய' ஐந்து தடவை, 'இதுவரை யாரும் கேட்டிராத' நான்கு தடவை. வெட்கமாக இருக்கிறது. இது சோதனை இசை என்று படிப்பவருக்கு எப்படித் தெரியவைப்பது? இல்லாத இசையை எழுத்தில் எப்படிக் கேட்க வைப்பது? கிண்டல் செய்தாலும் பரவாயில்லை, ஏதாவது சொல்லுங்கள்.

கடைசிபெஞ்சு:

சோதனை உங்கள் கையிலேயே இருக்கிறது, நீங்கள்தான் அதை எலும்புக் குழலுக்குப் பின்னால் ஒளித்துவைத்திருக்கிறீர்கள். குழுவின் பெயரைப் பாருங்கள். ஒரே நேரத்தில் வாசிப்பதுதான் அவர்கள் செய்யும் விபரீதம். ஆனால் நம் காதுக்கு ஏழு பேர் சேர்ந்து வாசிப்பது உலகத்திலேயே சாதாரணமான விஷயம். ஆக, எட்டாவது அத்தியாயத்துக்கு வருவதற்குள் படிப்பவரின் காது மடுவாசியின் காதாக மாறியிருக்க வேண்டும். முதல் ஏழு அத்தியாயத்தில் எங்காவது இரண்டு சத்தம் தெரியாத்தனமாக மோதி, ஊரே உறைந்துபோய் நிற்கிற ஒரு இடம் வருகிறதா? இல்லையென்றால் முதலில் அதை எழுதுங்கள். ஒரு குழந்தை அழும்போது தட்டு கீழே விழுந்தால் போதும்.

அமெரிக்க இசையமைப்பாளர் ஜான் கேஜின் 4'33" என்ற உருப்படி பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். 1952 ஆகஸ்ட் 29 அன்று நியூயார்க் மாநிலத்து உட்ஸ்டாக் பக்கத்தில், காட்டை ஒட்டிய ஒரு கச்சேரி அரங்கில் முதலில் அரங்கேறியது. டேவிட் டியூடர் பியானோ முன் உட்கார்ந்தார், கட்டை மூடியைச் சாத்தினார், நேரம் பார்த்தார், திறந்தார். மூன்று பகுதிக்கும் இப்படியே. ஒரு ஸ்வரம் கூட வாசிக்கவில்லை. வெளியே காற்று, கூரையில் மழைத்துளி, கடைசியில் எழுந்து போகிறவர்களின் முணுமுணுப்பு, கச்சேரியே இவ்வளவுதான். இதில் கவனிக்க வேண்டியது, அரங்கு, பியானோ, கலைஞர், பார்வையாளர் எல்லாம் வழக்கப்படி சரியாக இருந்தது என்பதைத்தான். ஒன்றை மட்டும் எடுத்தார்கள். மேடையில் பறவை எலும்பும் பேசும் முரசும் இருந்திருந்தால், வாசிக்காமல் இருந்தது யார் கண்ணிலும் பட்டிருக்காது.

அதனால் உங்கள் ஏழு பேருக்கும் மடுவிலேயே சலித்துப்போன கருவிகளைக் கொடுங்கள்.

இன்னொன்று. எடுத்த எடுப்பில் ஏழு பேரும் சேர்ந்து வாசிக்க மாட்டார்கள், பயம் இருக்கும். சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையில் குழலின் வழி யாழ், யாழின் வழி தண்ணுமை, அதன் பின் முழவு என்று ஒன்றன்பின் ஒன்றாகக் கருவிகள் அணிவகுப்பது ஞாபகம் இருக்கிறதா? எனக்கு உங்கள் குழு அப்படித்தான் தொடங்கும் என்று படுகிறது. முதல் நாள் ஒருவர் முடித்ததும் அடுத்தவர். அடுத்த நாள் இடைவெளி பாதி. அதற்கடுத்த நாள் இவருடைய வாலை அவருடைய தலை தொடுகிறது, ஒரு கண் இமைக்கும் நேரம். அந்த இமைப்புதான் உங்கள் அத்தியாயம்.

வெர்னியர்:

கதை எழுதத் தெரியாது, பௌதிகம் கொஞ்சம் தெரியும். 'எப்படிக் கேட்க வைப்பது' என்கிற கேள்விக்கு மட்டும் பதில்.

பெயரடைகளை விடுங்கள், விம்மலைப் பிடியுங்கள். கிட்டத்தட்ட ஒரே சுருதியில் இரண்டு ஒலி சேர்ந்து கேட்டால், ஒலி எழும்பி அமுங்கி 'வ்வோ... வ்வோ... வ்வோ' என்று அலையும். தம்புரா சுருதி சேர்க்கிறவர்கள் இதைக் கேட்டுக்கொண்டேதான் பிரடையை (தந்தியை முறுக்கும் ஆணி) திருகுவார்கள். கணக்கு எளிது. ஒன்று நொடிக்கு 220 அதிர்வு, இன்னொன்று 217 என்றால் நொடிக்கு மூன்று விம்மல். இரண்டும் நெருங்க நெருங்க விம்மல் நிதானமாகி, ஒன்றானதும் நின்றுவிடும். இது தனி ஒலியில் பிறக்கவே பிறக்காது, இரண்டு வேண்டும். அதாவது உங்கள் மடுவில் பிறந்த எவரும் வாழ்நாளில் விம்மலைக் கேட்டதே கிடையாது! 'இதுவரை யாரும் கேட்டிராத' என்று நான்கு தடவை எழுதினீர்களே, அந்தச் சங்கதி நிஜமாகவே இங்கே இருக்கிறது. இரண்டு பேரும் வாசிக்காத மூன்றாவது ஒன்று காற்றில் துடிக்கிறது, யாருடையது அது என்று அவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பார்கள்.

அப்புறம் உங்கள் பள்ளம். குழலின் சுருதி உள்ளே இருக்கும் காற்றில் ஒலி போகும் வேகத்தைப் பொறுத்தது. 20 டிகிரியில் நொடிக்குச் சுமார் 343 மீட்டர், ஒவ்வொரு டிகிரிக்கும் ஏறக்குறைய 0.6 மீட்டர் கூடும். நரம்புக்கு இந்தக் கவலை இல்லை, அதன் சுருதி இழுவிசை, நீளம், எடை இந்த மூன்றோடு சரி. சாயங்காலம் 30 டிகிரியில் குழலையும் யாழையும் ஒன்றாகச் சேர்த்து வைத்துவிட்டு, விடிகாலையில் 20 டிகிரிக்குக் குளிர்ந்தபின் எடுத்துப் பாருங்கள். 220ல் நின்ற குழல் 216 பக்கம் இறங்கியிருக்கும். நரம்பு அப்படியே இருந்தாலே நொடிக்கு நான்கு விம்மல் கிட்ட வந்துவிடும், ஆனால் நரம்பும் குளிருக்கும் ஈரத்துக்கும் தன் போக்கில் நகரும் என்பது வேறு கதை. யாரும் எதையும் தொடவில்லை, இரவு மட்டுமே கடந்திருக்கிறது. படிப்பவருக்கு நேரம் போவதைச் சொல்ல இதைவிட நல்ல கடிகாரம் கிடைக்காது.

கொசுறு: பள்ளத்தின் அடியில் கனமான காற்று தேங்கும் என்று வைத்தால் அதே குழல் மேல்படியில் ஒரு சுருதி, அடிப்படியில் தாழ்ந்த சுருதி. முழுக்கக் கரியமில வாயு என்றால் நாலு அரைஸ்வரத்துக்கும் மேல் இறங்கிவிடும். வாசிப்பவர் உயிரோடு இருக்க மாட்டார், அதை உங்கள் மந்திரத்தில் சமாளித்துக்கொள்ளுங்கள்.

கிழட்டுத்தவில்:

பௌதிகம், சிலப்பதிகாரம் எல்லாம் சரி. ஒத்திகை எங்கே? சோதனை இசைக்குழு என்றால் நூற்றுக்குத் தொண்ணூறு பங்கு ஒத்திகையில் போடும் சண்டைதான், கச்சேரி பாக்கிப் பத்து.

நான் நாலு வருடம் அப்படி ஒரு குழுவில் இருந்தேன். எழுதிவைத்த உருப்படி கிடையாது, மனோதர்மத்துக்குத்தான் எல்லாம். ஆரம்பிப்பது சுலபம், யாராவது ஒருவர் எதையாவது தட்டினால் ஆரம்பித்துவிடும். முடிப்பதுதான் எங்களைக் கொன்றது. ஒருவர் முடிந்தது என்று நினைத்துக் கையை மடியில் வைப்பார், அதே நொடியில் இன்னொருவருக்கு அருமையான யோசனை வரும், மடியில் வைத்த கை மறுபடி மேலே போகும், இப்படியே ஒரு முறை இருபது நிமிடத்துக்கு முடித்துக்கொண்டே இருந்தோம். எங்கள் வயலின்காரர் வில்லைத் தந்திக்கு ஒரு விரற்கடை மேலே தூக்கிப் பிடித்தபடி எல்லோர் கையையும் ஒரு சுற்றுப் பார்ப்பார், தோள் நடுங்கும், ஆனால் இறக்க மாட்டார், கடைசியாக முடித்தவர் என்ற பெயர் தனக்கு வரவேண்டும் என்று ஆசை. அந்த வில் இன்னும் என் கண்ணிலேயே நிற்கிறது. ஒரு அரங்கத்துக்காரர் பொறுத்துப் பொறுத்துப் பார்த்து மின் இணைப்பையே பிடுங்கிவிட்டார். எங்கள் கச்சேரிகளிலேயே அதுதான் நல்ல முடிவு, ஆனால் பேசிய தொகையைக் கொடுக்காமல் விட்டாரே, அது இன்றைக்கும் வயிறு எரிகிறது.

அமெரிக்க இசையமைப்பாளர் டெர்ரி ரைலி 1964ல் செய்த ஒரு உருப்படி இந்த வில்லங்கத்தை அழகாகத் தாண்டியது. 53 குட்டி ஸ்வரக்கோவைகள். எத்தனை பேர் வேண்டுமானாலும் வாசிக்கலாம். எல்லோரும் அதே வரிசையில்தான் போக வேண்டும், ஆனால் ஒவ்வொன்றையும் எத்தனை தடவை திருப்புவது என்பது அவரவர் பாடு. முன்னே போனவர் கடைசிக் கோவையில் காத்திருப்பார், பின்தங்கியவர் வந்து சேருவார், எல்லோரும் கூடியதும் ஏற்றி இறக்கி ஒவ்வொருவராகக் கழன்றுகொள்வார்கள். முடிவு முதலிலேயே ஒப்பந்தமாகிவிட்டது.

உங்கள் மடுவில் சத்தம் நின்ற பிறகுதானே வண்டல் படியும்? அப்படியென்றால் அந்த ஊரில் முடிப்பதுதான் குற்றம், வாசிப்பது இல்லை. இதை நீங்கள் யோசித்தீர்களா என்று தெரியவில்லை.

தகரடப்பா:

மேலே பெரியவர் போகிற போக்கில் ஒரு குண்டைப் போட்டுவிட்டுப் போயிருக்கிறார், யாரும் கவனிக்கவில்லையா? நின்றால்தான் படியும் என்றால், நிற்காமல் இருந்தால்? ஏழு பேரும் ஒரே நேரத்தில் வாசித்துக்கொண்டே இருக்கும்வரை தரையில் ஒரு பொடி கூட விழாது. காவலர்கள் வந்து நிற்கலாம், கைது செய்ய முடியாது, கைது செய்தால் சத்தம் நின்றுவிடும், நின்றால் கல். ஊரே அந்தக் கல்லுக்குப் பயந்து அவர்களை வாசிக்கவிட வேண்டியதுதான்!

நம் உலகத்திலேயே ஒன்று நடந்துகொண்டிருக்கிறது. ஜெர்மனியில் ஹால்பர்ஸ்டாட் என்ற ஊரின் பழைய தேவாலயத்தில், அதே கேஜ் 'எவ்வளவு மெதுவாக முடியுமோ அவ்வளவு மெதுவாக' என்று குறிப்பு எழுதிய ஆர்கன் உருப்படி ஒன்றை 2001ல் தொடங்கினார்கள். 2640ல் முடியும், மொத்தம் 639 வருடம். ஓய்வில் தொடங்குகிற உருப்படி என்பதால் முதல் பதினேழு மாதம் துருத்தியின் காற்று மட்டும்தான், 2003 பிப்ரவரியில்தான் முதல் ஸ்வரம். கட்டைகளை ஆள் உட்கார்ந்து அழுத்துவதில்லை, எடை தொங்கவிட்டிருக்கிறார்கள். ஸ்வரம் மாறும் நாளில் எங்கெங்கிருந்தோ ஆட்கள் வந்து கூடுகிறார்கள். முழுக்கக் கேட்கப்போகிறவர் ஒருவரும் இல்லை, வாசிக்கத் தொடங்கியவர்களும் சேர்த்துத்தான்.

கருவிகளைப் பற்றி ஒரு வார்த்தை. எலும்புக் குழல் ஏன் உறைக்கவில்லை என்றால் அந்த எலும்பு அந்த ஊரில் ஏன் கிடைக்கிறது என்று தெரியாததால்தான். புதுக் கருவி பெரும்பாலும் குப்பையிலிருந்தும் தடையிலிருந்தும்தான் பிறக்கும். டிரினிடாடில் 1880களில் வெள்ளைக்கார அரசு தோல் முரசுக்குத் தடை போட்டது, மக்கள் மூங்கிலைத் தரையில் குத்தித் தாளம் போட்டார்கள், 1930களில் தகர டப்பாவுக்கும் மற்ற உலோகத்துக்கும் தாவினார்கள், பிறகு எண்ணெய் பீப்பாய். பீப்பாயின் அடிப்பாகத்தைக் குழியாக அடித்து இறக்கி, ஒவ்வொரு மேட்டுக்கும் ஒரு ஸ்வரம் கொடுத்ததுதான் இன்றைய ஸ்டீல் பேன். அமெரிக்காவில் ஹாரி பார்ட்ச் ஒரு ஸ்தாயியை 43 ஆகப் பிரித்து வைத்திருந்தவர், அதை வாசிக்கக் கருவி இல்லாததால் தானே செய்துகொண்டார். பெர்க்கிலியில் ஒரு கதிர்வீச்சு ஆய்வகம் ஒதுக்கிய பெரிய கண்ணாடிக் குடுவைகளை அறுத்துத் தொங்கவிட்டுத் தட்டினார். (டப்பா என்று பெயர் வைத்துக்கொண்டவனுக்கு இதெல்லாம் சொந்தக்காரர்கள் மாதிரி, மன்னிக்கவும்.)

மடுவில் யாரும் தொட அஞ்சும் குப்பை எது? இறுகிப்போன அந்த வண்டல் கல்தான். யாரோ எப்போதோ செய்த குற்றம் ஒவ்வொரு சந்திலும் ஒரு கட்டியாகக் கிடக்கும். உங்கள் ஆட்களில் ஒருவர் அதைத் தட்டிப் பார்க்கட்டும்.

நாலரைக்கட்டை:

நேற்று ராத்திரி இதையெல்லாம் படித்துவிட்டுத் தூங்கவே இல்லை. முரசு, நிலா நரம்பு எல்லாவற்றையும் வெட்டிவிட்டேன். முதல் மூன்று அத்தியாயத்திலும் கை வைக்க வேண்டும், அழுகிற குழந்தையும் விழுகிற தட்டும் இரண்டாவதில் போகிறது, நன்றி கடைசிபெஞ்சு. புதுத் தொடக்கம் இப்போதைக்கு இப்படி இருக்கிறது, கூசாமல் அடியுங்கள்:

"தூர்ந்த கிணற்றின் அடியில் உட்கார்ந்திருந்தவர்களில் குழல்காரி முதலில் ஊதினாள். மூச்சு தீரும் நேரத்தில் யாழ்க்காரன் விரலை வைக்க வேண்டும், அவள் நிறுத்திய பிறகு. அப்படித்தான் பேச்சு. அவன் அரை மூச்சு முந்திவிட்டான். இரண்டுக்கும் நடுவில் ஏதோ ஒன்று துடித்தது. அவள் நிறுத்தப் போனாள், நிறுத்தினால் என்ன ஆகும் என்பது அப்போதுதான் உறைத்தது, மூக்கால் காற்றை இழுத்துக்கொண்டே ஊதினாள். யாழ்க்காரன் தந்தியை மறுபடி மறுபடி மீட்டினான். மேலே, கிணற்று விளிம்பில், தெருக்கூட்டும் கிழவியின் துடைப்பம் நின்றுவிட்டது. விடிய இன்னும் நான்கு நாழிகை இருந்தது."

கிழட்டுத்தவில்:

குழல்காரி மூக்கால் இழுத்துக்கொண்டே ஊதுவது நன்றாக இருக்கிறது. கன்னத்தில் காற்றை அடைத்து வைத்துக்கொண்டு, அதைப் பிழிந்து ஊதும் நேரத்தில்தான் மூக்கால் இழுக்க முடியும். அந்தக் கன்னம் உப்பிச் சுருங்குவதை எழுதுங்கள். பழகாதவளுக்குக் கால் மணி நேரத்திலேயே உதடு மரத்துவிடும், நான்கு நாழிகை என்றால் ஒன்றரை மணி நேரத்துக்கும் மேல், அவ்வளவு தாங்க மாட்டாள். மற்ற ஐந்து பேர் சும்மா உட்கார்ந்து பார்த்துக்கொண்டா இருப்பார்கள்? ஒருவர் அவளிடமிருந்து சுருதியை வாங்க வேண்டும்.

வெர்னியர்:

யாழ் மீட்டியதும் ஒலி தேயத் தொடங்கிவிடும், குழல் மாதிரி நீண்டு நிற்காது. இரண்டு மீட்டலுக்கு நடுவில் ஒலி முழுக்க அடங்கினால் உங்கள் விதிப்படி அப்போதே படிந்துவிடுமே? அடங்குவதற்கு முன் அடுத்தது விழ வேண்டும். அவன் விரல் வலிக்க ஆரம்பிக்கும்போது மீட்டல் தாமதமாகும், அங்கே ஒரு பதற்றம் தானாகவே கிடைக்கும். மற்றபடி 'ஏதோ ஒன்று துடித்தது' போதும், அதற்கு மேல் விளக்காதீர்கள்.

தகரடப்பா:

எல்லாம் சரி, ஒரு கேள்வி கேட்கிறேன், சிரிக்காதீர்கள். நிறுத்தவே கூடாது என்றால் இவர்கள் எப்போது ஒன்றுக்குப் போவார்கள்?

நாலரைக்கட்டை:

அதற்குத்தான் ஏழாவது ஆள் என்று இப்போதே முடிவு செய்துவிட்டேன். எந்த நேரமும் ஆறு பேர் வாசிப்பார்கள், ஒருவர் கிணற்றுக்கு வெளியே இருப்பார். கிழவி முதலில் பார்ப்பது அவரைத்தான்.